ஸ்டீயரிங்கில் ஆடியோ பட்டன் பொருத்துவது: ஒயர் இரண்டுதான், போகிற வழிதான் கவனம்

சேலத்தில் கோரிமேடு தாண்டி அடிவாரம் போய்விட்டால் ஏற்காடு வரைக்கும் 20 கொண்டை ஊசி வளைவுகள். ஒவ்வொன்றிலும் கியரைக் குறைக்க வேண்டும், ஹாரன் அடிக்க வேண்டும், மேலேயிருந்து பஸ் ஹாரன் கேட்கிறதா என்று காது கொடுக்க வேண்டும். பாட்டுச் சத்தத்தைக் குறைக்க டேஷ்போர்டு பக்கம் கை போகக் கூடாத இடம் அது. பேஸ் மாடல் (வசதி குறைந்த ஆரம்ப வகை) கார் வாங்கி வெளியே ஆண்ட்ராய்டு செட் (டேஷ்போர்டில் உட்காரும் தொடுதிரை பிளேயர்) போட்டவர்கள் ஸ்டீயரிங் பட்டன் கேட்டு வருவதற்கு முக்கியக் காரணம் இந்த மாதிரிப் பாதைதான். அதனால் பட்டன்களில் எது முதலில் சரியாக வேலை செய்ய வேண்டும் என்று கேட்டால் வால்யூம் குறைப்பும் மியூட்டும் என்றுதான் சொல்வோம். பாட்டு மாற்றுவது, போன் எடுப்பது எல்லாம் அதற்குப் பிறகு.

வேலை பெரிது இல்லை. ஆனால் பட்டனிலிருந்து வரும் ஒயர், ஹாரன் ஒயரும் ஏர்பேக் ஒயரும் போகிற அதே வழியில்தான் போகிறது. பாட்டுக்காகக் கை வைத்து ஹாரனையும் ஏர்பேக்கையும் கெடுத்துவிட்ட வண்டிகள் சேலத்தில் நிறைய ஓடுகின்றன. அது நடக்காமல் செய்வது எப்படி என்பதுதான் இங்கே விஷயம்.

பட்டனுக்குள் என்ன இருக்கிறது என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள். பெரும்பாலான வண்டிகளில் ஸ்டீயரிங் பட்டன் பேட் என்பது வரிசையாகப் பொருத்திய சில ரெசிஸ்டர்கள் மட்டுமே. ஒரு சிக்னல் ஒயர், ஒரு எர்த் ஒயர். எந்தப் பட்டனை அழுத்துகிறோமோ அதற்கேற்ப அந்த இரண்டு ஒயருக்கு நடுவே வேறு வேறு ஓம் அளவு கிடைக்கும். டொயோட்டாவின் பல மாடல்களில் உள்ள பேடை எடுத்துக்கொண்டால், எதையும் அழுத்தாதபோது ஏறக்குறைய 100 கிலோ ஓம் காட்டும். அடுத்த பாட்டு பட்டனுக்குக் கிட்டத்தட்ட 0, முந்தைய பாட்டுக்கு 330 ஓம் அளவு, வால்யூம் கூட்ட 1000, வால்யூம் குறைக்க 3100 ஓம் அளவு. செட்டுக்குள்ளே ஒரு ரெசிஸ்டர் வழியாக அந்த சிக்னல் ஒயருக்குச் சின்ன வோல்டேஜ் வந்துகொண்டிருக்கும். பட்டனை அழுத்தியதும் அந்த வோல்டேஜ் எவ்வளவு இறங்குகிறது என்று செட் பார்க்கிறது. அதை வைத்துத்தான் எந்தப் பட்டன் என்று முடிவு செய்கிறது.

ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். செட் 3.3 வோல்ட்டை 4.7 கிலோ ஓம் ரெசிஸ்டர் வழியாகக் கொடுக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். மேலே சொன்ன பேடில் 330 ஓம் பட்டனுக்கு 0.22 வோல்ட், 1000 ஓமுக்கு 0.58, 3100 ஓமுக்கு 1.31 வோல்ட் வரும். நடுவில் நல்ல இடைவெளி இருக்கிறது, குழப்பம் வராது. இதே செட்டில் 30, 75, 140 ஓம் என்று நெருக்கமான அளவுள்ள பேடைக் கொடுத்தால் 0.02, 0.05, 0.10 வோல்ட்தான் வரும். ஒரு கப்ளரில் (ஒயர்களை இணைக்கும் செருகியில்) கொஞ்சம் துரு ஏறினாலே ஒரு பட்டன் இன்னொன்றாகிவிடும். வால்யூம் குறைத்தால் பாட்டு மாறுகிறது என்ற புகாரில் பாதிக்கு மேல் இந்தக் கணக்குதான் காரணம், செட் மேல் தப்பு இல்லை.

ஆகவே முதல் வேலை மல்டிமீட்டரை எடுப்பது. பேடைக் கையில் வைத்துக்கொண்டு, எதிலும் இணைக்காமல், ஒவ்வொரு பட்டனையும் அழுத்தி ஓம் அளவை ஒரு தாளில் எழுதுங்கள். எதையும் அழுத்தாத அளவையும் எழுதுங்கள். இடது பேடும் வலது பேடும் தனித்தனி சிக்னல் ஒயரில் வருகின்றனவா, ஒரே ஒயரில் சேர்கின்றனவா என்றும் பாருங்கள். பட்டனை லேசாக அழுத்தினாலும் அழுத்திப் பிடித்தாலும் ஒரே அளவு நிலையாக நிற்க வேண்டும். அளவு ஆடினால் பேடுக்குள் கார்பன் முனை தேய்ந்திருக்கிறது அல்லது அழுக்கு. அந்தப் பேடை வண்டியில் மாட்டிப் பிரயோஜனம் இல்லை.

அளந்து பார்த்து எந்தப் பட்டனுக்கும் ஓம் மாறவே இல்லை, கூடவே பேடில் மூன்று அல்லது நான்கு ஒயரில் ஒன்று 12 வோல்ட் சப்ளை என்றால், அது ரெசிஸ்டர் வகை இல்லை. உள்ளே சின்ன சிப் இருக்கிறது. வண்டியின் கருவிகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளும் லின் அல்லது கேன் முறையில் தகவலாக அனுப்புகிறது. புதிய வண்டிகளில் இது கூடிக்கொண்டே போகிறது. அந்த ஒயரை செட்டின் கீ ஒயரில் நேராகக் கொடுக்கக் கூடாது. அந்த மாடலுக்கு என்று செட் கம்பெனி தரும், அந்தத் தகவலை செட்டுக்குப் புரியவைக்கும் கேன் பாக்ஸ் வேண்டும், செட்டின் செட்டிங்கில் வண்டியின் பெயரையும் சரியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும். கேன் பாக்ஸ் இல்லாமல் சமாளிக்கலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

அடுத்து செட் பக்கம். ஆண்ட்ராய்டு செட்டுகளில் பின்பக்க ஒயரிங்கில் கீ 1, கீ 2, கீ எர்த் என்று மூன்று ஒயர் வரும். இவைதான் நமக்கு வேண்டியவை. பட்டனைக் காட்டிக் கற்றுக்கொடுக்கிற வசதி செட்டிங்கிலேயே இருக்கும், ஆகையால் எந்த ஓம் அளவாக இருந்தாலும் பெரும்பாலும் ஒத்துப்போகும். ஒயர் நிறத்தை மட்டும் நம்ப வேண்டாம். செட்டுக்குச் செட் மாறும். செட்டின் மேல் ஒட்டியிருக்கும் படத்தைப் பார்த்து பின் எண்ணை வைத்துப் பிடியுங்கள்.

பயோனியர் செட் வைத்திருப்பவர்களுக்கு வேறு கதை. அதில் ரிமோட்டுக்கு என்று 3.5 மில்லிமீட்டர் ஜாக் இருக்கும். அது பட்டனைக் கற்றுக்கொள்ளாது. தனக்கென்று நிலையான ஓம் அளவுகளை எதிர்பார்க்கும். பல மாடல்களில் சோர்ஸுக்கு (எஃப்எம், யுஎஸ்பி என்று மாற்றும் பட்டன்) 1.2 கிலோ ஓம், மியூட்டுக்கு 3.5, அடுத்த பாட்டுக்கு 8, முந்தையதற்கு 11.25, வால்யூம் கூட்ட 16, குறைக்க 24 கிலோ ஓம். டொயோட்டா பேடை நேராக அந்த ஜாக்கில் கொடுத்தால் என்ன ஆகும் என்று பாருங்கள்: வால்யூம் கூட்டுகிற 1000 ஓம் பட்டன், செட்டுக்கு சோர்ஸ் பட்டன் பக்கத்தில் போய் விழும். சத்தம் கூடாது, எஃப்எம் மாறிவிடும். சொந்தமாகப் பட்டன் செய்து பயோனியருக்குக் கொடுக்கிறவர்கள் கால் வாட், ஒரு சதவீத மெட்டல் ஃபிலிம் ரெசிஸ்டர் வாங்கிக்கொள்ளலாம். 16, 24 கிலோ ஓம் கடையில் அப்படியே கிடைக்கும், 8-க்கு 8.2, 11.25-க்கு 11 போட்டால் போதும். ஜாக்கின் முனைக்கும் அடிப்பகுதிக்கும் நடுவில் இந்த ரெசிஸ்டர் வர வேண்டும். கென்வுட், ஜேவிசி செட்டுகளில் மஞ்சள் கோடு போட்ட இளநீல ஒயர் ரிமோட்டுக்கு என்று வரும். அது ஓம் அளவைப் படிக்காது. துடிப்புகளாக வரும் சிக்னலைப் படிக்கும். ரெசிஸ்டர் பேடை அதில் இணைக்க நடுவில் ஓர் அடாப்டர் கட்டாயம்.

இனி உதிரிகள். பேஸ் மாடல் ஸ்டீயரிங்கிலேயே பல வண்டிகளில் பட்டன் வரும் இடத்தில் வெறும் பிளாஸ்டிக் மூடி இருக்கும். அதைக் கழற்றினால் டாப் மாடலின் பேட் அப்படியே உட்காரும். முழு ஸ்டீயரிங்கை மாற்ற வேண்டியதில்லை. மூடிக்குப் பின்னால் திருகு துளையும் ஒயர் போக வழியும் இருக்கின்றனவா என்று ஏர்பேக்கை எடுத்த பிறகுதான் தெரியும். ஓமலூர் ரோட்டுக் கடைகளில் பேடை வாங்கும்போது வண்டியின் பெயரைச் சொல்லி வாங்காதீர்கள். மாடல் வருடமும் பார்ட் நம்பரும் சொல்லுங்கள். ஒரே பெயரில் ஓடும் காரில் முகப்பு மாற்றம் வந்த வருடத்துக்கு முன்னும் பின்னும் கப்ளர் வேறாக இருக்கும்.

பேடை விட முக்கியமான உதிரி க்ளாக் ஸ்பிரிங். மாருதி பட்டறைகளில் இதையே காண்டாக்ட் காயில் என்பார்கள், டொயோட்டாவில் ஸ்பைரல் கேபிள். ஸ்டீயரிங்குக்குப் பின்னால் வட்டமான பிளாஸ்டிக் பெட்டிக்குள் தட்டையான ரிப்பன் கேபிள், தையல்காரர் டேப்பைச் சுருட்டி வைத்தது மாதிரி இருக்கும். ஸ்டீயரிங் திரும்பத் திரும்ப அது சுருளும், விரியும். ஏர்பேக்குக்கு இரண்டு ஒயர், ஹாரனுக்கு ஒன்று, ஆடியோவுக்கு இரண்டோ மூன்றோ, பட்டன் வெளிச்சத்துக்கு ஒன்று என்று எல்லாம் இதன் வழியாகத்தான்.

பேஸ் மாடலில் வரும் க்ளாக் ஸ்பிரிங்கில் பல நேரம் ஏர்பேக்குக்கும் ஹாரனுக்கும் மட்டுமே தடம் இருக்கும். கப்ளரில் இடம் இருக்கும், உள்ளே பின் இருக்காது. ஆகவே பேட் வாங்குவதற்கு முன் கீழ்ப் பக்கக் கப்ளரைக் கழற்றி எத்தனை பின் இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். போதவில்லை என்றால் டாப் மாடலின் க்ளாக் ஸ்பிரிங் வாங்க வேண்டும். செலவில் பெரிய பங்கு இதுதான். இதைத் தவிர்க்க, ஹாரன் ஒயரையே ஆடியோவுக்கும் சேர்த்துப் பயன்படுத்துகிறேன் என்றும், ஸ்டீயரிங்குக்கு வெளியே சுருள் ஒயர் தொங்கவிடுகிறேன் என்றும் சிலர் செய்கிறார்கள். இரண்டுமே கூடாது. வெளியே தொங்கும் ஒயர் ஒரு முழு வளைவில் இண்டிகேட்டர் தண்டில் மாட்டிக்கொண்டால் ஸ்டீயரிங்கே இறுகும்.

க்ளாக் ஸ்பிரிங்கைப் பழைய உதிரிக் கடையில் வாங்க வேண்டாம் என்பதில் எங்களுக்கு உறுதி. பேடைப் பழையதாக வாங்கலாம், மூடியை வாங்கலாம், ஸ்டீயரிங்கையே வாங்கலாம். ஏர்பேக்குக்குப் போகும் ஒயரைத் தாங்குகிற பொருளை மட்டும் புதிதாக, கம்பெனிப் பார்ட் நம்பரோடு வாங்குங்கள். விபத்தான வண்டியிலிருந்து எடுத்த க்ளாக் ஸ்பிரிங் உள்ளே பாதி கிழிந்திருந்தாலும் மேலே பார்த்தால் தெரியாது. இந்தியாவில் ஓட்டுநர் ஏர்பேக் 2019 ஜூலை 1 முதல் எல்லாக் கார்களுக்கும் கட்டாயம். அதற்குப் பிறகு வந்த எந்தக் காரில் கை வைத்தாலும் அது ஏர்பேக் வேலையும்தான் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

கருவிகள் அதிகம் வேண்டாம். மல்டிமீட்டர், பேட்டரிக்கு 10 ஸ்பேனர், பிளாஸ்டிக் நெம்புகோல் செட், டி-20, டி-30 டார்க்ஸ் (நட்சத்திர முனை) பிட், ஸ்டீயரிங் நட்டுக்கு வண்டிக்கேற்ற சாக்கெட், குறித்த அளவுக்கு இறுக்கும் டார்க் ரெஞ்ச். ஒயர் 0.5 சதுர மில்லிமீட்டர், மூன்று நிறத்தில் இரண்டிரண்டு மீட்டர். ஹீட் ஷ்ரிங்க் ஸ்லீவ், சின்ன டை, துணி டேப். கறுப்பு பிவிசி டேப் வேண்டாம். சேலம் வெயிலில் சித்திரை மாதம் கண்ணாடி ஏற்றி நிறுத்திய காரின் டேஷ்போர்டுக்குள் அந்த டேப்பின் பசை உருகி வழிந்து, இரண்டு மாதத்தில் சுற்று கழன்று நிற்கும். துணி டேப் உருகாது, ஒயர் ஒன்றோடொன்று உரசும் கடகட சத்தமும் வராது.

இப்போது கழற்றுவது. முன்சக்கரம் நேராக இருக்கும்படி வண்டியை நிறுத்துங்கள். சாவியை எடுத்துவிட்டு பேட்டரியின் நெகட்டிவைக் கழற்றி, டெர்மினலில் தவறியும் தொடாதபடி துணி சுற்றி ஒதுக்குங்கள். அதன்பிறகு குறைந்தது மூன்று நிமிடம் எதையும் தொடாமல் காத்திருங்கள். ஏர்பேக் கன்ட்ரோல் யூனிட்டுக்குள் மின்சாரத்தைச் சேமித்து வைக்கும் கெப்பாசிட்டர் உண்டு; பேட்டரி போனாலும் ஏர்பேக்கை வெடிக்க வைக்கும் அளவு சக்தி சிறிது நேரம் அதில் இருக்கும். அதற்குத்தான் இந்தக் காத்திருப்பு. அவசரப்பட வேண்டாம்.

சில வண்டிகளில் ஸ்டீயரிங்கின் இரண்டு பக்கமும் டார்க்ஸ் போல்ட் இருக்கும், சிலவற்றில் பின்பக்கத் துளை வழியாகக் கம்பி கிளிப்பை நெம்ப வேண்டும். ஏர்பேக் பெட்டி முன்னால் வந்ததும் இழுக்காதீர்கள். பின்னால் மஞ்சள் கப்ளர் இருக்கும். அதற்கு நடுவில் ஒரு பூட்டு உண்டு, முதலில் பூட்டைத் தூக்க வேண்டும், பிறகு கப்ளர் வரும். எடுத்த ஏர்பேக்கை முகம் மேலே பார்த்தபடி தனியான இடத்தில் வையுங்கள். கவிழ்த்து வைத்து அது வெடித்தால் பெட்டியே மேலே பறக்கும். மஞ்சள் கப்ளரில் மல்டிமீட்டரை ஒருபோதும் வைக்காதீர்கள். மீட்டர் ஓம் அளக்க அனுப்பும் சிறு மின்னோட்டம்கூட அங்கே ஆபத்து. டெஸ்ட் லைட் அதைவிட ஆபத்து.

பேட் மட்டும் மாட்டினால் போதும் என்றால் இங்கேயே வேலை முடியும்: மூடியை எடுத்து, பேடைத் திருகி, அதன் கப்ளரை க்ளாக் ஸ்பிரிங்கின் மேல்பக்க ஆடியோ கப்ளரில் செருக வேண்டியதுதான். க்ளாக் ஸ்பிரிங்கையும் மாற்ற வேண்டும் என்றால் ஸ்டீயரிங் வெளியே வர வேண்டும். நட்டைக் கழற்றுவதற்கு முன் தண்டிலும் ஸ்டீயரிங்கிலும் சேர்த்து ஒரு பெயிண்ட் கோடு போடுங்கள். நட்டை முழுதாக எடுக்காமல் நான்கைந்து மரை விட்டு வைத்து ஸ்டீயரிங்கை இரண்டு பக்கமும் ஆட்டி இழுங்கள்; பிடி விட்டதும் அது முகத்தில் வந்து அடிக்காமல் நட்டு தடுக்கும். வரவில்லை என்று தண்டின் மேல் சுத்தியலால் அடிக்கக் கூடாது. விபத்தில் மடங்குவதற்கென்றே செய்த தண்டு அது. புல்லர் (இழுத்துக் கழற்றும் கருவி) போடுங்கள்.

க்ளாக் ஸ்பிரிங்கின் நடு நிலைதான் இந்த வேலையின் உயிர். புதியதில் நடு நிலையில் பூட்டிய ஒரு பின்னோ ஸ்டிக்கரோ இருக்கும். ஸ்டீயரிங் காலமில் (தண்டைத் தாங்கும் கூட்டில்) பொருத்தி முடிக்கும் வரை அதை எடுக்காதீர்கள். பூட்டு இல்லாததைக் கையாள நேர்ந்தால் வலது பக்கமாக மெல்லச் சுற்றிக்கொண்டே போங்கள். இறுகும் இடம் வந்ததும் நிறுத்துங்கள், அழுத்தக் கூடாது. அங்கிருந்து திரும்ப இடது பக்கம் சுற்றி அம்புக்குறி இரண்டும் நேரே வரும் இடத்தில் விடுங்கள். பல வண்டிகளில் இது இரண்டரைச் சுற்று. உங்கள் க்ளாக் ஸ்பிரிங்கின் மேலேயே எத்தனை சுற்று என்று அச்சிட்டிருக்கும், அதைப் பின்பற்றுங்கள். மாட்டி முடிக்கும் வரை திரும்பாமல் ஒரு டேப் ஒட்டி வையுங்கள்.

நடு நிலை தவறினால் உடனே ஒன்றும் தெரியாது. ஐந்து ரோட்டிலிருந்து ஜங்ஷன் வரை ஓட்டினால் ஸ்டீயரிங் முழுதாகத் திரும்பும் வாய்ப்பே இல்லை, எல்லாம் நன்றாக இருப்பது போலத் தோன்றும். மலைப்பாதையில் கொண்டை ஊசி வளைவில் ஸ்டீயரிங் ஒரு பக்கம் முழுதாகத் திரும்பும்போதுதான் ரிப்பன் இழுபட்டு அறுகிறது. மறுபக்கம் திரும்பினால் தேவைக்கு மேல் தளர்ந்து மடிந்து முறிகிறது. பட்டனும் போகும், ஹாரனும் போகும், ஏர்பேக் விளக்கும் எரியும், அதுவும் ஹாரன் மிகவும் தேவைப்படுகிற இடத்தில். இந்த மூன்றும் ஒரே நேரத்தில் போன வண்டியில் ஃபியூஸைத் தேடி நேரம் வீணாக்க வேண்டாம், க்ளாக் ஸ்பிரிங்கைத்தான் பார்க்க வேண்டும்.

ஸ்டீயரிங்கைத் திருப்பி மாட்டும்போது பெயிண்ட் கோடு சேர வேண்டும், நட்டை அந்த வண்டிக்கான சர்வீஸ் மேனுவலில் உள்ள அளவுக்கு டார்க் ரெஞ்சில் இறுக்க வேண்டும். கை அளவு இங்கே போதாது. இஎஸ்பி (வண்டி சறுக்காமல் காக்கும் வசதி) உள்ள வண்டிகளில் ஸ்டீயரிங் கோணத்தை அளக்கும் சென்ஸாரும் இதே இடத்தில் இருக்கும். வேலை முடிந்து இஎஸ்பி விளக்கு எரிந்தால் ஸ்கேனரில் அந்தக் கோணத்தைப் பூஜ்யமாக்க வேண்டும்.

காலமின் கீழ்ப்பக்கக் கப்ளரிலிருந்து செட் வரைக்கும் ஒயரிங் சில பேஸ் மாடல்களில் கம்பெனியே விட்டிருப்பார்கள், செட் கப்ளரில் வந்து நிற்கும். இல்லையென்றால் நாம் இழுக்க வேண்டும். ஒன்று அல்லது ஒன்றரை மீட்டர் போதும். ஸ்டீயரிங்கை மேலே கீழே சாய்க்கும் வசதி இருக்கிறது என்பதை மறந்து ஒயரை இறுக்கிக் கட்டிவிடுவது அடிக்கடி நடக்கிறது; முழுக்க மேலே தூக்கியும் முழுக்க இறக்கியும் பார்த்துவிட்டுத்தான் டை போட வேண்டும். ஸ்டீயரிங் தண்டைத் தொடக் கூடாது, பிரேக் பெடலுக்குப் பக்கத்தில் தொங்கக் கூடாது. ஜாயின்ட்டுகளுக்குச் சரியான கிரிம்ப் லக் (ஒயரை நசுக்கிப் பிடிக்கும் உலோக முனை) போட்டு மேலே ஸ்லீவ் ஏற்றுங்கள். ஈயம் பற்றவைத்த இடத்தில் ஒயர் விறைத்துப்போய், அது முடியும் இடத்தில் அதிர்வில் முறியும். பற்றவைத்தே ஆக வேண்டும் என்றால் அந்த இடம் ஆடாதபடி அருகிலேயே கட்டிவிடுங்கள். வெறுமனே முறுக்கி டேப் சுற்றுவதை மட்டும் செய்யாதீர்கள்.

எர்த் பற்றி ஒரு வார்த்தை போதாது, கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பேடின் எர்த் ஒயரைப் பக்கத்தில் கிடைக்கிற பாடி போல்ட்டில் கொடுத்துவிடலாம் என்று தோன்றும். வேலையும் செய்யும், சில மாதம். செட் அளப்பது தன் சொந்த எர்த்துக்கும் சிக்னல் ஒயருக்கும் நடுவில் உள்ள வோல்டேஜை. பேடின் எர்த் வேறு இடத்தில் இருந்தால், நடுவில் உள்ள பாடி, துரு, பெயிண்ட் எல்லாவற்றின் தடையும் கணக்கில் சேரும். மேலே சொன்ன கணக்கில் 330 ஓம் பட்டனோடு 100 ஓம் கூடினால் 0.22 வோல்ட் 0.28 ஆகிவிடும். ஏசி ஃபேன், ஹெட்லைட் ஓடும்போது எர்த் வோல்டேஜ் இன்னும் கொஞ்சம் நகரும். மழைக்காலத்தில் ஏற்காட்டு மூடுபனியில் இரவெல்லாம் நிற்கிற வண்டிகளில் பாடி போல்ட் சீக்கிரம் துரு ஏறும், பட்டன்கள் ஒவ்வொன்றாகக் குழம்ப ஆரம்பிக்கும். ஆகவே பேடின் எர்த்தை செட்டின் கீ எர்த் ஒயரிலேயே கொடுங்கள். அந்த ஒயர் இல்லாத செட்டில், செட்டின் பிரதான கறுப்பு எர்த் ஒயரில் செட்டுக்கு அருகில் இணையுங்கள்.

பட்டன் வெளிச்சம் தனி விஷயம். பார்க்கிங் லைட் போட்டால் 12 வோல்ட் வரும் இல்லுமினேஷன் ஒயரை பேடின் விளக்குப் பின்னுக்குக் கொடுக்க வேண்டும். இந்த 12 வோல்ட் தவறி சிக்னல் ஒயரில் போனால் செட்டின் கீ உள்ளீடு அந்த நொடியே போய்விடும். செட் பாடிக்கொண்டுதான் இருக்கும், பட்டன் மட்டும் இனி எப்போதும் வேலை செய்யாது. எனவே செட்டில் செருகுவதற்கு முன், பேட்டரியை இணைத்து லைட் போட்டு, கீ 1, கீ 2 வரவேண்டிய ஒயர் முனைகளில் வோல்ட் அளந்து பாருங்கள். பூஜ்யம் காட்ட வேண்டும். பிறகு பேட்டரியை மறுபடி கழற்றிவிட்டு, அதே முனைகளில் ஓம் அளந்து முதலில் எழுதிய தாளோடு ஒப்பிடுங்கள். ஒவ்வொரு பட்டனுக்கும் ஓரிரு ஓம் மட்டும் கூடியிருந்தால் க்ளாக் ஸ்பிரிங்கும் ஒயரிங்கும் சரி. 20, 30 ஓம் கூடியிருந்தால் எங்கோ ஒரு கப்ளர் சரியாக உட்காரவில்லை.

அளக்கும்போதே ஸ்டீயரிங்கை இடக்கடைசியிலிருந்து வலக்கடைசி வரை மெல்லச் சுற்றிப் பாருங்கள், ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தபடி. அளவு ஒரு இடத்தில்கூடத் துள்ளக் கூடாது. இந்த ஒரு சோதனையைச் செய்யாமல் டேஷ்போர்டை மூடிவிட்டால், பிறகு எல்லாவற்றையும் திரும்பக் கழற்றும் நிலை வரும்.

செட்டுக்குக் கற்றுக்கொடுப்பது எளிது. இக்னிஷன் போட்டு, செட்டிங்கில் ஸ்டீயரிங் பகுதிக்குப் போய், பழைய பதிவுகளை அழித்துவிட்டுத் தொடங்குங்கள். ஸ்டீயரிங்கில் வால்யூம் குறைக்கும் பட்டனை அழுத்திப் பிடித்துக்கொண்டே திரையில் அதே படத்தைத் தொடுங்கள், பதிவானதும் விடுங்கள். செட்டுக்குச் செட் வரிசை மாறும். சிலவற்றில் திரையை முதலில் தொட வேண்டும். எல்லாம் முடிந்ததும் சேமிக்கும் பட்டனைத் தொடாமல் வெளியே வந்தால் எல்லாம் போய்விடும். பட்டன்கள் நெருங்கிய அளவில் இருந்து குழம்பினால், சில செட்டுகளில் செட்டின் உள் ரெசிஸ்டர் அளவைத் தேர்ந்தெடுக்கும் வசதி அதே பக்கத்தில் இருக்கும், குறைந்த அளவுக்கு மாற்றிப் பாருங்கள். இரண்டு பேடும் தனி ஒயரில் வந்தால் ஒன்றைக் கீ 1-இலும் மற்றதைக் கீ 2-இலும் கொடுங்கள். ஒரே உள்ளீட்டில் சேர்த்தால் இடது பட்டன் ஒன்றும் வலது பட்டன் ஒன்றும் ஒரே ஓமில் வந்து மோதும்.

கற்றுக்கொடுத்த பிறகு எஞ்சினை ஓடவிட்டு, ஏசி, ஹெட்லைட் எல்லாம் போட்டு ஒவ்வொரு பட்டனையும் மறுபடி அழுத்திப் பாருங்கள். சில பேடுகளில் விளக்கின் எர்த்தும் ஆடியோவின் எர்த்தும் ஒரே ஒயர். பகலில் சரியாக இருந்து இரவில் லைட் போட்டதும் பட்டன் மாறுகிறது என்றால் இதுதான் காரணம். அப்படிப்பட்ட பேடில் எர்த் ஒயரை 0.75 சதுர மில்லிமீட்டருக்கு மாற்றி, ஜாயின்ட் எல்லாவற்றையும் புதிதாக கிரிம்ப் செய்தால் பெரும்பாலும் தீரும்.

வண்டியைக் கொடுக்கும் முன் பார்க்க வேண்டியவை: சாவி போட்டதும் ஏர்பேக் விளக்கு எரிந்து சில நொடிகளில் அணைய வேண்டும். எரிந்தே நின்றாலும் தப்பு, எரியவே இல்லை என்றாலும் தப்பு. ஹாரன் ஸ்டீயரிங்கின் எல்லா நிலையிலும் அடிக்க வேண்டும். பேட்டரி கழற்றியதால் ஆட்டோ ஜன்னல் ஒரே தொடுதலில் ஏறாமல் இருக்கலாம், அதை மறுபடி அமைத்துக் கொடுங்கள். பிறகு காலி மைதானத்தில் இரண்டு பக்கமும் கடைசி வரை திருப்பி நான்கைந்து வட்டம் அடித்துப் பாருங்கள். குப்பனூர் வழியோ அடிவார வழியோ, மலைக்கு ஏற்றுவது அதற்கு அப்புறம்தான்.

ஒரு வருடம் இரண்டு வருடம் ஓடிய பிறகு பட்டன் குழம்பினால் எடுத்தவுடன் செட்டைக் குறை சொல்லாதீர்கள், புதிதாகக் கற்றுக்கொடுக்கவும் வேண்டாம். பேடின் ரப்பர் பட்டனுக்குக் கீழே கறுப்பு கார்பன் முனை இருக்கிறது. கை வியர்வை, புழுதி, சானிடைசர் எல்லாம் இறங்கி அதன் தடையைக் கூட்டும். 330 ஓம் பட்டன் 600 காட்டும். பேடைத் திறந்து ஐசோப்ரோபைல் ஆல்கஹாலைப் பஞ்சில் தொட்டு முனையையும் சர்க்யூட் தடத்தையும் துடைத்து, நன்றாக உலர்ந்த பிறகு மூடினால் பழைய அளவு திரும்பும். பெட்ரோல், தின்னர் எதையும் தொடக் கூடாது, ரப்பர் உப்பிவிடும். பேடைக் கழற்றவும் ஏர்பேக்கை எடுக்க வேண்டும், ஆகவே மூன்று நிமிடக் காத்திருப்பு இங்கேயும் உண்டு.

க்ளாக் ஸ்பிரிங் மாற்றச் செலவழிக்க விரும்பாதவர்களுக்கும், ஏர்பேக்கில் கை வைக்கத் தயங்குகிறவர்களுக்கும் ஒயர் இல்லாத ஸ்டீயரிங் ரிமோட் இருக்கிறது. ஸ்டீயரிங் கம்பியில் பட்டை போட்டு மாட்டும் பட்டன், டேஷ்போர்டுக்குள் 12 வோல்ட்டில் ஓடும் ரிசீவர். ரிசீவரிலிருந்து செட்டின் கீ ஒயருக்கு இணைப்பு. ஏர்பேக் பக்கமே போக வேண்டாம் என்பது இதன் பெரிய நன்மை, தயங்குகிறவர்களுக்கு இதையே சொல்கிறோம். ஸ்டீயரிங்கின் நடு மூடி மேலோ அதன் விளிம்பிலோ மட்டும் ஒட்டாதீர்கள். ஏர்பேக் விரியும்போது அது முகத்துக்குப் பறக்கும். இரட்டைப் பக்க டேப் வெயிலில் வழுக்கும், ஆகவே பட்டை அல்லது திருகு உள்ளதாக வாங்குங்கள். உள்ளே இருக்கும் 2032 நாணய பேட்டரி பொதுவாக 60 டிகிரி வரைக்குத்தான் தாங்கும். வெயிலில் நிறுத்தும் காரில் கண்ணாடிக்கு மறைப்பு போட்டால்தான் அது நீடிக்கும். பட்டன் இரண்டு முறை அழுத்தினால்தான் கேட்கிறது என்ற நிலை வந்தால் பேட்டரியை மாற்றுங்கள். ரிசீவரை செட்டின் உலோகப் பெட்டிக்குப் பின்னால் செருகிவிடாமல், ஸ்பீடோமீட்டர் பக்கம் பிளாஸ்டிக்குக்கு அடியில் வைத்தால் சிக்னல் தடையில்லாமல் வரும்.